கண்ணை ஒருமுறை சிமிட்டவும்

தடைக்காலத்தின் ஒன்பதாம் நாள்.
நிவாரணம் ஏறிவிட்டதா என்று கேட்க வந்தவர்களால்
தங்கச்சிமடம் இ-சேவை மையம் வியர்த்துக்கொண்டிருந்தது.
நடுவே தோள்பையோடு ஒருவர்.
"எனக்கு மீனவர் வரிசை இல்ல.
கலைஞர் வரிசை."
அப்படியொரு வரிசை இங்கே இருந்ததில்லை.
அவரே அதன் முதலும் கடைசியுமாக நின்றார்.

பெயர்: தொ. சந்தியாகு.
தொழில்: நடிகர்.
அனுபவம்: முப்பத்தொரு வருடம்.
சான்று இணைக்கவும்.

பைக்குள் பாலிதீன், அதற்குள் இன்னொரு பாலிதீன்,
கடலுக்குப் போகிறவர் தீப்பெட்டியைக் கட்டும் கட்டு.
அவிழ்த்து ஒவ்வொன்றாக நீட்டினார்.
ஏட்டு. ஏட்டு. மறுபடி ஏட்டு.
ஒரே ஒருமுறை எஸ்.ஐ.,
அந்தக் காட்சியை வெட்டிவிட்டார்கள்.
பிறகு சீரியலில் ரெஜிஸ்ட்ரார்:
எழுபத்தாறாவது எபிசோடில் ஒரு கல்யாணத்தைப் பதிந்தார்,
எண்பதாவதில் அது செல்லாது என்றார்கள்.
"கையெழுத்து நிஜமா என்னுதுதான் போட்டேன்" என்றார்,
இன்னும் கொஞ்சம் கவலையாக.

குரல்?
"அது வடபழனிக்காரர் ஒருத்தர் குடுத்தது.
நல்ல குரல். எனக்கே பிடிக்கும்."

வெளிநாட்டுப் படமும் ஒன்று உண்டு.
அரிச்சல்முனையில் பதினாலு நாள்,
கச்சான் மணலை வாரி வீசியதில்
பன்னிரண்டு நாள் குடைக்கடியில்.
பக்கத்துப் பிளாஸ்டிக் நாற்காலியில்
எத்தோரே என்றொரு இத்தாலிக்காரர்,
படத்தில் கப்பல் முதலாளியின் கணக்கப்பிள்ளை.
பொதுவாக ஒரு மொழியும் இல்லை.
ஒரு மத்தியானம் அவர் எழுந்து
இல்லாத ஒரு கதவைத் திறந்து
பெரிய மனிதர் யாருக்கோ விலகி நின்று காட்டினார்.
அங்கே டிவியில் இருபது வருடமாக அதுதானாம்.
இவரும் எழுந்தார்.
அந்தக் கதவு வழியாக வந்தவருக்கு
ஒரு சல்யூட் வைத்தார்.
அதற்கப்புறம் கடலைப் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டார்கள்.

படம் வந்ததாண்ணே?
"அங்க வந்திருக்கும்."

பெயர் திரையில் ஏறியது ஒரே இடத்தில்.
பேரன் நிறுத்திப் படமெடுத்து அனுப்பியிருந்தான்.
பெரிதாக்கிப் பார்த்தேன்:
சந்தியா.
கு-வுக்கு இடம் போதவில்லை.
பாலினம் பொருந்தவில்லை என்று
என் கணினி சிவப்பில் சொன்னது.
அதைத் தள்ளிவைத்து, முகப்பதிவுக்குப் போனேன்.

கேமராவை நேராகப் பார்க்கவும்.
பார்த்தார்,
அதற்கு இடப்பக்கம் நாலு விரல் தள்ளி,
ஜெராக்ஸ் மெஷினை,
மிக உண்மையாக.

"நேரா பாருங்கண்ணே."
"பாக்குறேன்ல."

போனை ஜெராக்ஸ் மெஷின் பக்கம் நகர்த்தினேன்.
கண் இன்னும் நாலு விரல் நகர்ந்தது.
முதல் நாள் முதல் ஷாட்டில் லென்ஸைப் பார்த்துவிட்டாராம்.
பிலிம் பாழ். எழுபது ரூபாய் பேட்டா பிடித்தம்.
"அதுல இருந்து அது எனக்கு
உச்சி வெயில் சூரியன் மாதிரி தாயி."

நேரம் முடிந்தது. மீண்டும் முயலவும்.
நேரம் முடிந்தது. மீண்டும் முயலவும்.
பின்னால் நண்டு கம்பெனிப் பெண்கள் முனகத் தொடங்கினார்கள்,
கரண்ட் வேறு போகிற நேரம்.

நான் எழுந்து நின்றேன்.
போனை என் முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு
எனக்குத் தெரிந்த இன்ஸ்பெக்டர் அதட்டலில் கேட்டேன்:
"என்ன ஏட்டு, வண்டி வந்துருச்சா?"

முதுகு நிமிர்ந்தது.
செருப்புக்குள் குதிகால்கள் சேர்ந்தன.
போனுக்குப் பின்னால் இருந்த என்னைப் பார்த்து,
போன் நடுவில் இருப்பதே தெரியாமல்,
"அய்யா, வண்டி ரெடிங்கய்யா" என்றார்.
கண் ஒருமுறை சிமிட்டியது.

பச்சை விழுந்தது.

முப்பத்தொரு வருட வசனத்தை
அவர் சொந்தக் குரலில் கேட்டது
அன்றைக்கு அந்த அறையில் இருந்த நாங்கள்தான்.
கொஞ்சம் கீச்சு.
வடபழனிக்காரர் அளவுக்கு இல்லை.